கல்கத்தாவில் மணி நாலே முக்கால்

கல்கத்தாவுக்குப் போகிறாயா என்று மேனேஜர் கேட்டபோது, எதற்கு என்றுகூடக் கேட்காமல் தலையை ஆட்டினேன். லூசியன் அங்கே இருந்தார். எனக்கு அது போதும்.

தொண்ணூறுகளின் கடைசியில் ஒரு டிசம்பர். சென்னையில் ஒரு பிலிம் லேபில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். வங்காளத்தில் எடுக்கிற கலர் படங்கள் சில எங்களிடம்தான் கழுவ வரும். நெகட்டிவ் டப்பாக்கள் விமானத்தில் வந்து இறங்கும். கழுவி, பிரிண்ட் போட்டுத் திருப்பி அனுப்புவோம். அப்படி வந்த ஒரு டப்பாவின் மேல் ஒளிப்பதிவாளர் லூசியன் தெவ்ரோ என்று ஒட்டியிருந்தது. அதைக் கீழே வைக்க மனம் வராமல் கொஞ்ச நேரம் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தேன்.

கல்லூரி நாட்களில் பிலிம் சொசைட்டியில் அவர் எடுத்த படம் ஒன்றைப் பார்த்திருக்கிறேன். வடக்குப் பிரான்சில் ஒரு நிலக்கரிச் சுரங்கம். தொழிலாளிகள் தலையில் மாட்டியிருக்கும் விளக்கைத் தவிர வேறு வெளிச்சமே கிடையாது. ஒருவன் திரும்பினால் அடுத்தவன் முகம் தெரியும். அவன் குனிந்தால் கையிலிருக்கிற ரொட்டி தெரியும். கதை எனக்குச் சுத்தமாகப் புரியவில்லை. ஆனால் ஹாலை விட்டு வெளியே வந்தபோது, ஆகிறதென்றால் கேமராமேன்தான் ஆவது என்று முடிவு செய்திருந்தேன். ஆகவில்லை. லேபில் கரை ஒதுங்கினேன். ஆசை மட்டும் ஒதுங்கவில்லை.

அவரைப் பற்றிப் பத்திரிகைகளில் வந்ததையெல்லாம் தேடிப் படித்திருந்தேன். பதினெட்டு வயதில் கேமரா குழுவுக்கு பேட்டரி சுமக்கிற வேலை. பிறகு வருஷக்கணக்கில் போகஸ் பிடிக்கிற உதவியாளர். சுரங்கப் படத்துக்கு வர வேண்டிய பெரிய கேமராமேன் தூசிக்குப் பயந்து வராமல் போக, இவர் கையில் கேமரா வந்தது. அதற்கப்புறம் நாலைந்து படங்கள், பரிசுகள். பிறகு எங்கே போனார் என்று எந்தப் பத்திரிகையும் எழுதவில்லை. இப்போது எங்கள் லேப் வாசலில் டப்பாவாக வந்து இறங்கியிருக்கிறார்.

இனி சிக்கலுக்கு வருகிறேன். எந்த ஷாட்டை எத்தனை பாயிண்ட் வெளிச்சத்தில் பிரிண்ட் போடுவது என்று எங்கள் லேபில் தீர்மானிப்பவர் துரைப்பாண்டி அண்ணன். திருநெல்வேலிக்காரர். கேமராமேன் செய்த தப்பை வெளியே தெரியாமல் மூடிக் கொடுப்பதில் கெட்டிக்காரர். அதற்காகவே தேடிவந்து கும்பிட்டுப் போனவர்கள் உண்டு. லூசியனின் ரீல் ஒன்றில் ஒரு கல்கத்தாச் சந்து வந்தது. ஒரு பெண் வீடு திரும்புகிறாள். ஷாட்டின் தொடக்கத்தில் காட்டுகிற கிளாப் போர்டில் சாக்பீஸால் பகல் என்பதற்கு 'டே' என்றும், நேரம் நாலே முக்கால் என்றும் எழுதியிருந்தது. படமோ இருட்டாக இருந்தது.

"பகல் நாலே முக்காலுக்கு எந்த ஊர்லடே இம்புட்டு இருட்டு? பாவம், மனுசனுக்கு வயசாயிட்டு" என்று அண்ணன் இரக்கப்பட்டு, சந்து முழுவதையும் பளிச்சென்று தூக்கிவிட்டார். வெளிச்சம் போதவில்லை, நாங்கள் காப்பாற்றிக் கொடுத்திருக்கிறோம் என்று ஒரு குறிப்பும் கூடவே போனது. நன்றி சொல்லிப் போன் வரும் என்று காத்திருந்தோம். போன் வந்தது. ஷூட்டிங் நின்றுவிட்டது, இனி டப்பாக்கள் வராது என்றார்கள்.

போய் அந்த மனிதரைச் சமாதானப்படுத்து என்பதுதான் எனக்கு இட்ட கட்டளை. எடுத்தது அவர் தப்பு, காப்பாற்றியது நாங்கள், கோபம் மட்டும் அவருக்கு எதற்கு என்று எனக்கும் புரியவில்லை. கிளம்பும்போது துரைப்பாண்டி அண்ணன் கருப்பட்டிப் பொட்டலம் ஒன்றைக் கையில் திணித்தார். "பாலிகஞ்ச்ல என் தங்கச்சி செல்வி இருக்கா. ஓட்டல்ல கெடந்து சீரழியாத, அங்ஙன போயி தங்கு" என்றார்.

செல்வி அக்காவின் கணவர் துறைமுகத்தில் அதிகாரி. மூன்றாவது மாடியில் வீடு. கதவைத் திறந்த அக்கா பொட்டலத்தைப் பார்த்ததுமே யார் அனுப்பியது என்று தெரிந்துகொண்டார்.

"வாங்க தம்பி. பதினஞ்சு வருசமா அண்ணன வா வான்னு கூப்பிடுதேன். கருப்பட்டிதான் வந்துக்கிட்டு இருக்கு" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

பகல் சாப்பாட்டுக்கு மீன் குழம்பு. நான் தூத்துக்குடிக்காரன். ஆற்று மீனை மீன் என்று ஒப்புக்கொள்வதில் எங்களுக்குச் சில தயக்கங்கள் உண்டு. தட்டில் விழுந்தது ரூயி மீன். முள்ளை எடுக்கவே தனியாக ஒரு கை வேண்டும். ஆனால் அக்கா வங்காளத்து மீனில் திருநெல்வேலி மசாலாவை அரைத்துவிட்டிருந்தார். இரண்டாம் முறை சோறு வாங்கும்போது என் கொள்கையைத் தளர்த்திக்கொண்டேன். அக்காவின் மகள் பள்ளிவிட்டு வந்து அம்மாவிடம் வங்காளியில் ஏதோ படபடவென்று சொன்னாள். அம்மா தமிழில் திட்டினார். இருவருக்கும் நன்றாகப் புரிந்தது.

லூசியனைத் தங்கவைத்திருந்தது சால்ட் லேக்கில். ஒரு கையில் பிரிண்ட் டப்பா, மறு கையில் பையுமாக மினி பஸ்ஸில் ஏறினேன். உட்கார இடமில்லை, நிற்கத் தலைக்கு உயரமில்லை. கூன் போட்டபடியே போய் இறங்கினால், அது நான் இறங்க வேண்டிய இடமில்லை. சால்ட் லேக்கில் தெருவுக்குப் பெயர் கிடையாது. எழுத்தும் எண்ணும்தான். வழி கேட்டால் எத்தனையாம் நம்பர் தண்ணீர் டேங்க் என்று திருப்பிக் கேட்கிறார்கள். நாலு பேர் கூடிவிட்டார்கள். ஒருவர் கிழக்கு என்றார், ஒருவர் மேற்கு என்றார். மூன்றாமவர் இந்த ஊரைத் திட்டம் போட்டுக் கட்டியதே தப்பு என்று ஆரம்பித்தார். விவாதம் சூடு பிடித்ததும் நான் மெதுவாக நழுவினேன். அவர்கள் கவனிக்கவில்லை.

ஒன்றுபோலவே இருக்கும் வீடுகளுக்கிடையே சுற்றிச் சுற்றி வந்ததில் இருட்டிவிட்டது. கடிகாரத்தைப் பார்க்க இரண்டு கையும் ஒழியவில்லை. ஏழு மணி இருக்கும் என்று பதறிக்கொண்டு, கடைசியில் கண்டுபிடித்த கதவைத் தட்டினேன்.

திறந்தவர் ஒல்லியான ஆறடிக் கிழவர். கல்கத்தாக்காரர்கள் குளிருக்குப் போடுகிற அதே குரங்குக் குல்லாயைப் போட்டிருந்தார். என் சுரங்கப்பட லூசியன்.

"மன்னிக்க வேண்டும், இவ்வளவு இரவாகிவிட்டது" என்றேன்.

"இரவா? மணி ஐந்துதானே" என்றார்.

பிரெஞ்சுக்காரர்கள் நாகரிகமானவர்கள் என்று கேள்விப்பட்டிருந்தேன். இவ்வளவு நாகரிகம் கொஞ்சம் அதிகம் என்று நினைத்துக்கொண்டேன். அவருடைய ஆங்கிலம் பிரெஞ்சு வாடையோடும் என்னுடையது தூத்துக்குடி வாடையோடும் நடுவழியில் சந்தித்துக்கொண்டதைத்தான் தமிழில் தருகிறேன்.

சண்டைக்குத் தயாராகப் போயிருந்தேன். அவர் எனக்குப் பால் இல்லாத டீ போட்டுக் கொடுத்தார். நானோ அடக்க முடியாமல் அவருடைய சுரங்கப் படத்தை ஷாட் ஷாட்டாக ஒப்பித்தேன். ரொட்டி தெரிகிற இடம் வந்ததும் அவர் முகம் மலர்ந்தது. பத்திரிகைகள் விட்ட இடத்திலிருந்து அவரே சொன்னார். டெலிவிஷன் வந்தது, தயாரிப்பாளர்கள் எல்லாம் பளிச்சென்று வேண்டும் என்றார்கள். இவருக்கு இருட்டு லூசியன் என்று பெயர் வைத்தார்கள். ஷாம்பு விளம்பரம் எடுத்தார், சோப்பு விளம்பரம் எடுத்தார். பிறகு அதற்கும் கூப்பிடவில்லை. சுரங்கப் படத்தை மாணவனாகப் பாரிசில் பார்த்த வங்காளி ஒருவர் இப்போது இயக்குநராகி, தன் படத்துக்கு இவர்தான் வேண்டும் என்று ஒற்றைக் காலில் நின்று வரவழைத்திருக்கிறார்.

"அடுத்த வாரம் பம்பாயிலிருந்து ஓர் இளைஞன் வருகிறான். நான் ஊருக்குப் போகிறேன்" என்றார்.

"எங்கள் லேப் மேல் கோபமா?" என்று கேட்டேன்.

"கோபம் எதற்கு? நீங்கள் சொன்னது சரியாக இருக்கலாம்" என்றவர், உள்ளங்கையால் ஒரு கண்ணை மூடிக்கொண்டு சுவரைப் பார்த்தார். பிறகு மறு கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். கண்ணில் புரை விழுந்திருக்கிறது, ஆபரேஷன் செய்ய வேண்டும் என்று அவருடைய டாக்டர் சொல்லியிருக்கிறார். படம் முடியட்டும் என்று தள்ளிப்போட்டிருக்கிறார். "அந்தச் சந்து இருட்டாக இருந்தது. அப்படித்தான் பார்த்தேன், அப்படித்தான் எடுத்தேன். உங்கள் பிரிண்டில் அது பகல். எல்லோரும் பார்த்தார்கள். தயாரிப்பாளர் என்னைப் பார்த்தார். இயக்குநர் மட்டும் இருட்டுதான் என்றார், அது என் மேல் வைத்த மரியாதை. அப்படியானால் இருட்டு சந்தில் இல்லை, என் கண்ணில்தான் இருந்திருக்கிறது. அந்தக் கண்ணை வைத்துக்கொண்டு இனிமேல் நான் யாருக்குப் படம் எடுப்பது?"

கொண்டுபோன டப்பாவைத் திறக்காமலே தூக்கிக்கொண்டு திரும்பினேன். நாற்பது வருஷம் இருட்டைப் படித்த மனிதர் தன் கண்ணைச் சந்தேகப்பட்டுக்கொண்டு மூட்டை கட்டுகிறார். நானோ அவரிடம் மிச்ச டப்பாவை வாங்கிப்போக வந்திருக்கிறேன். அன்று ராத்திரி அக்கா வைத்த ரசம்கூட இறங்கவில்லை.

மறுநாள் அக்கா என்னை கரியாஹாட் சந்தைக்கு இழுத்துக்கொண்டு போனார். "மூஞ்சியத் தொங்கப் போட்டுக்கிட்டு வீட்டுல ஒக்காந்தா வழி பொறந்துருமா?" என்றார். மீன்காரர்கள் நம் அரிவாள்மணையின் அண்ணன்போல ஒன்றைக் காலால் மிதித்துக்கொண்டு, ஆளுயர மீனை இரண்டு கையாலும் பிடித்து அதில் தேய்த்து அறுக்கிறார்கள். வியாபாரத்துக்கு நடுவே அரசியலும் அறுபடுகிறது. பனங்கருப்பட்டி தெரியும், இவர்கள் குளிர்காலத்தில் ஈச்ச மரத்துப் பதநீரில் வெல்லம் காய்ச்சி அதைப் பால் இனிப்பில் சேர்க்கிறார்கள். ஒன்று வாயில் போட்டேன். துக்கத்தில் இருக்கிறவன் நாலு சாப்பிடக் கூடாது. சாப்பிட்டேன்.

திரும்பும்போது டிராமின் கம்பம் மேல் கம்பியிலிருந்து கழன்று வண்டி நின்றுவிட்டது. கண்டக்டர் இறங்கி, கயிற்றைப் பிடித்து இழுத்து மாட்டப் பார்த்தார். பயணிகள் ஜன்னல் வழியாக ஆளுக்கொரு யோசனை சொன்னார்கள். நாங்கள் இறங்கி நடந்து, மூன்று மாடி ஏறி, நான் பால்கனியில் மூச்சு வாங்க நின்றபோது எதிர்வீட்டில் சங்கு ஊதினார்கள்.

எங்கள் பக்கம் சங்கு கேட்டால் தெருவில் சாவு. அக்கம்பக்கத்தில் யாரோ பெரியவர் போய்ச் சேர்ந்துவிட்டார் என்று செருப்பைக் கழற்றினேன். உடனே பக்கத்து வீட்டில் ஒரு சங்கு. அதற்குப் பின்னால் தள்ளி இன்னொன்று. ஒரே நேரத்தில் இத்தனை சாவா என்று உள்ளே ஓடினேன்.

அக்கா பூஜை அலமாரி முன்னால் தீப்பெட்டியோடு நின்றார். "சாவா? நல்லா சொன்னீங்க. இங்க பொழுது அடைஞ்சா வீட்டுக்கு வீடு பொம்பளைங்க ஊதுவாங்க தம்பி. விளக்கு வைக்கிற நேரம்லா" என்று திரியை ஏற்றினார்.

அலமாரிக்கு மேலே சுவர்க்கடிகாரம். மணி ஐந்து ஆகவில்லை.

நான் மறுபடி பால்கனிக்கு ஓடினேன். கீழே சந்து. புகையும் பனியும் கலந்து இறங்கி, போகிறவர் வருகிறவர் எல்லாம் நிழலாக இருந்தார்கள். லூசியன் எடுத்த இருட்டு அப்படியே, ஒரு மாற்றுக் குறையாமல், என் காலடியில் கிடந்தது. நேற்று மணி ஐந்து என்று அவர் சொன்னது நாகரிகம் இல்லை, மணி. இந்த ஊர் மார்கழியில் சூரியன் நம்மை விட ஒரு மணி நேரம் முன்னாலேயே கடையைக் கட்டிவிடுகிறது. அவர் ஊரிலும் டிசம்பரில் அப்படித்தான் என்பதால் அவருக்கு அது வித்தியாசமாகவே படவில்லை. கல்கத்தாக்காரர்களுக்குப் பிறந்ததிலிருந்து பழக்கம், எடுத்துச் சொல்லத் தோன்றியிருக்காது. தெரியாதவர்கள் சென்னையில் உட்கார்ந்திருக்கிற நாங்கள்தான்.

சந்தோஷத்தில் அக்காவின் மகளைப் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றினேன். அவள் வங்காளியில் என்னைப் பைத்தியம் என்றாள். அது எனக்கே புரிந்தது.

அடுத்த நாள் மதியமே டாக்ஸியில் போய் லூசியனை அழைத்துவந்தேன். எதற்கு என்று சொல்லவில்லை. தோசை என்று மட்டும் சொன்னேன். மூன்று தோசை சாப்பிட்டார், மிளகாய்ப்பொடிக்குக் கண் கலங்கினார். நாலரைக்கு அவரைப் பால்கனியில் நாற்காலி போட்டு உட்காரவைத்துவிட்டு, அக்கா வீட்டுப் போனில் சென்னைக்கு எஸ்.டி.டி. போட்டேன்.

"அண்ணே, அந்தச் சந்து சீனைத் திரும்பப் பிரிண்ட் போடணும். இருட்டா."

"ஏன், வெளிச்சம் பத்தலியாமா?" என்றார் துரைப்பாண்டி அண்ணன்.

"அவரு எப்படி எடுத்திருக்காரோ அப்படியே போடுங்க. இங்க நாலே முக்காலுக்கே பொழுது அடைஞ்சிருதுண்ணே."

"ஏல, இங்க சுள்ளுன்னு அடிக்கு. கொடியில துணி காயுது. ஒன்னையும் அந்த வெள்ளக்காரன் மாத்திட்டானா?"

நான் எவ்வளவு சொல்லியும் மனிதர் இறங்கிவரவில்லை. முப்பது வருஷமாக நெகட்டிவ் பார்க்கிறவனுக்குப் பகல் எது ராத்திரி எது என்று தெரியாதா என்றார். பேச்சு முற்றிக்கொண்டிருக்கும்போதே எதிர்வீட்டில் சங்கு ஊதியது. பக்கத்து வீட்டிலும் ஊதியது.

போனில் அண்ணன் குரல் சட்டென்று இறங்கியது. "யாருடே செத்தது?"

விளக்கேற்றிவிட்டு வந்த அக்கா ரிசீவரை என் கையிலிருந்து பிடுங்கினார். "யாரும் சாகலண்ணே. விளக்கு வைக்கிற நேரத்துச் சங்கு. நானும் இப்பத்தான் ஏத்திட்டு வாரேன்."

"ஏட்டி செல்வி, மணி அஞ்சு ஆகலியே."

"பதினஞ்சு வருசமா கார்த்திகை, மார்கழியில இந்நேரந்தான் ஏத்துதேன். ஒரு தடவ வந்திருந்தா ஒனக்கே தெரிஞ்சிருக்கும்."

அந்தப் பக்கம் ஜன்னலைத் திறக்கிற சத்தம் கேட்டது. பிறகு அண்ணனுக்குள் இருக்கிற தொழில்காரர் பேசினார். "கீழ போற ஆளு மூஞ்சி தெரியுதான்னு பாரு."

அக்கா போன் வயரை இழுத்துக்கொண்டு பால்கனி வாசல்வரை போனார். "மூஞ்சி தெரியல. நடைய வச்சித்தான் ஆள் யாருன்னு சொல்லணும்."

"சேல கலரு?"

"எல்லாம் ஒரே சாம்பலாத்தான் இருக்கு. அந்தா, ஒருத்தி தெருவிளக்குக்கிட்ட வாரா. இப்பத்தான் செவப்புன்னு தெரியுது."

லூசியன் என் சட்டையைப் பிடித்து இழுத்தார். அந்த அம்மாள் என்ன சொல்கிறார் என்று கேட்டார். சொன்னேன். முகம் தெரியவில்லையாம், நடையை வைத்துத்தான் சொல்ல முடியுமாம், விளக்கடியில் வந்தால்தான் சிவப்பு தெரிகிறதாம். அவர் எழுந்து கம்பியைப் பிடித்துக்கொண்டு குனிந்து பார்த்தார். ஒரு கண்ணை மூடிப் பார்த்தார், மறு கண்ணை மூடிப் பார்த்தார். கடைசியில் இரண்டையும் திறந்து வைத்துக்கொண்டு நின்றார்.

"எனக்கும் அப்படித்தான் தெரிகிறது" என்றார். மறுபடி அதையே சொன்னார். நான் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினேன்.

நாலாம் நாள் புது பிரிண்ட் வந்தது. பெட்டியோடு துரைப்பாண்டி அண்ணனும் வந்து இறங்கினார். கண்ணால் பார்க்காமல் இன்னொரு அடி பிலிமைத் தொட மாட்டேன் என்று மேனேஜரிடம் சண்டை போட்டுக் கிளம்பினாராம். "தங்கச்சி கூப்பிட்டப்பல்லாம் வராத ஆளு, வெள்ளக்காரனுக்காக வந்துருக்காக" என்று சொல்லிக்கொண்டே அக்கா சமையலறைக்கும் கூடத்துக்குமாக ஓடினார். கண்ணைத் துடைக்க வெங்காயம் நறுக்கிய சாக்கு இருந்தது. அண்ணன் மூன்று மணிக்கே தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு பால்கனியில் உட்கார்ந்துவிட்டார். இருட்டி முடிகிறவரை எழுந்திருக்கவில்லை. பிறகு, "சரிதாம்ட்டி" என்றார், அவ்வளவுதான்.

டாலிகஞ்சில் ஒரு சின்ன பிரிவியூ தியேட்டர். இயக்குநர், தயாரிப்பாளர், லூசியன், அவருக்குப் பின்வரிசையில் நாங்கள் இருவர். சந்து வந்தது. பெண் வந்தாள். முகம் தெரியவில்லை, நடை தெரிந்தது. விளக்கடியில் ஒரு நொடி சேலை சிவந்து அணைந்தது. விளக்குப் போட்டதும் தயாரிப்பாளர் எழுந்து வெளியே போனார். பம்பாய்க்காரரை வர வேண்டாம் என்று போன் செய்யப் போனதாகப் பிற்பாடு சொன்னார்கள்.

லூசியன் இன்னொரு முறை ஓட்டச் சொன்னார். முடிந்ததும் எங்கள் பக்கம் திரும்பினார். நன்றி சொல்லப்போகிறார் என்று நான் எழுந்து நின்றேன்.

"இன்னும் ஒரு பாயிண்ட் இருட்டு வேண்டும்" என்றார்.

அண்ணனுக்கு மொழிபெயர்த்தேன். கோபப்படுவார் என்று பயந்தேன். அவர் தலையைச் சொறிந்துகொண்டு யோசித்தார்.

"சங்கு ஊதுறதுக்கு முன்னாலயா, பின்னாலயான்னு கேளுடே" என்றார்.

கேட்டேன். லூசியன் வெறும் வெள்ளைத் திரையைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். இந்த முறை ஒரு கண்ணை மூடிப் பார்க்கவில்லை.

"ஊதிக்கொண்டிருக்கும்போது" என்றார்.